பெர்கோலாவுக்குக் கூரை: அடித்தளத்திலிருந்து இறவாணம் வரை

கொல்லைப்புறத்தில் நான்கு தூண், மேலே இரண்டு உத்தரம், அவற்றின் குறுக்கே வரிசையாகக் கைமரங்கள். வெயிலும் நிழலும் கோடு கோடாக விழும் அந்த இடம் பார்க்க அழகுதான். ஆனால் ஒரு தூறல் விழுந்தால் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு உள்ளே ஓட வேண்டியிருக்கிறது. உச்சிவேளையில் அங்கே உட்காரவே முடிவதில்லை. பெர்கோலா எனப்படும் இந்தத் திறந்த பந்தலைக் கட்டியவர்கள் பலரும் ஓரிரு ஆண்டுகளில் “மேலே ஏதாவது போட்டால் என்ன?” என்று கேட்கத் தொடங்குவது இதனால்தான்.

தாராளமாகப் போடலாம். ட்ரில்லும் ரம்பமும் பிடித்துப் பழகிய இரண்டு பேர் இரண்டு மூன்று நாளில் முடித்துவிடக்கூடிய வேலை இது. ஷீட் வாங்கக் கிளம்புவதற்கு முன் ஒரு விஷயம் மட்டும் மனத்தில் பதிய வேண்டும். காற்றும் மழையும் தன் வழியே புகுந்து போகட்டும் என்று கட்டப்பட்டதுதான் பெர்கோலா. கூரை ஏறிய நாள் முதல் அவை இரண்டும் அதன்மேல் மோதும். மழையைத் தாங்குவதைவிடக் காற்றில் பறக்காமல் பிடித்து நிற்பதுதான் கடினம். அதனால் கூரை வேலையைத் தரையிலிருந்துதான் தொடங்க வேண்டும்.

இந்தக் கட்டுரை முழுவதும் 3 மீட்டருக்கு 4 மீட்டர் அளவுள்ள ஒரு பெர்கோலாவை எடுத்துக்கொள்கிறேன். பரப்பு 12 சதுர மீட்டர். கைமரங்கள் 3 மீட்டர் பக்கமாக ஓடுகின்றன. உத்தரங்கள் 4 மீட்டர் பக்கமாக. உங்களுடையது வேறு அளவு என்றால் கணக்கை மாற்றிக்கொள்ளுங்கள், முறை ஒன்றுதான்.

காற்று எவ்வளவு இழுக்கும்?

மணிக்கு 108 கி.மீ. வேகத்தில், அதாவது நொடிக்கு 30 மீட்டர் வேகத்தில் அடிக்கும் காற்று ஒரு சதுர மீட்டரில் தரும் அழுத்தம் ஏறத்தாழ 55 கிலோ எடைக்குச் சமம். பக்கச் சுவர் இல்லாத கூரைக்கு அடியில் காற்று புகுந்து மேலே தள்ளும். அதே நேரத்தில் மேலே ஓடும் காற்று உறிஞ்சி இழுக்கும். அந்த அழுத்தம் முழுவதும் மேல்நோக்கி வந்தால் நம் 12 சதுர மீட்டர் கூரையைத் தூக்கும் விசை சுமார் 650 கிலோ. கூரை ஷீட்டின் மொத்த எடையோ, பாலிகார்பனேட் என்றால் சுமார் 20 கிலோதான்! 20 கிலோவைத் தாங்க எந்தப் பெர்கோலாவாலும் முடியும். 650 கிலோ இழுப்பைப் பிடித்து நிறுத்த முடியுமா என்பதுதான் பார்க்க வேண்டியது.

காற்றின் வேகம் பாதியானால் விசை கால்வாசியாகும். இரட்டிப்பானால் நான்கு மடங்காகும். உங்கள் பகுதியில் எவ்வளவு வேகக் காற்றுக்குக் கட்டடங்கள் கட்ட வேண்டும் என்பதை உள்ளூர்க் கட்டட விதிகள் சொல்லும். புயல் அடிக்கடி வரும் இடம், பனி விழும் இடம், கண்ணாடியோ ஓடோ போட நினைப்பவர்கள், இந்த மூன்றில் ஒன்று பொருந்தினாலும் ஒரு கட்டமைப்புப் பொறியாளரை ஒருமுறை அழைத்துக் காட்டிவிடுங்கள்.

அனுமதி பற்றியும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். மேலே திறந்திருக்கும் வரை பெர்கோலாவைத் தோட்ட அலங்காரமாகக் கருதும் விதிகள், கூரை வந்ததும் அதைக் கட்டடமாகக் கருதக்கூடும். எல்லைச் சுவரிலிருந்து விட வேண்டிய இடைவெளி, உயரம், வீட்டோடு ஒட்டலாமா கூடாதா என்பவை அப்போது மாறும். வேலை தொடங்குமுன் உள்ளாட்சி அலுவலகத்தில் விசாரித்துவிட்டால் பிறகு பிரிக்க வேண்டிய நிலை வராது.

முதல் நாள்: இருப்பதைச் சோதித்தல்

தூண்களின் அடியிலிருந்து தொடங்குங்கள். மரத்தூண் என்றால் தரையைத் தொடும் இடத்தில் ஒரு ஸ்க்ரூடிரைவரால் அழுத்திக் குத்திப் பாருங்கள். நல்ல மரத்தில் முனை ஏறாது. மெத்தென்று உள்ளே போனால் அந்தத் தூண் உளுத்துவிட்டது. மாற்றாமல் மேலே ஏதும் வைக்காதீர்கள். இரும்புத் தூண் என்றால் அடித்தட்டைச் சுற்றித் துரு கிளம்பியிருக்கிறதா என்று பாருங்கள். பிறகு தோள் உயரத்தில் தூணைப் பிடித்து நன்றாக ஆட்டுங்கள். முழுப் பந்தலும் ஊஞ்சல்போல ஆடினால், தூணையும் உத்தரத்தையும் சாய்வாக இணைக்கும் முட்டுக்கட்டைகள் போதவில்லை என்று பொருள்.

அடுத்தது அடித்தளம். கான்கிரீட் ஒரு கன மீட்டருக்கு 2,400 கிலோ எடை கொண்டது. 40 செ.மீ. நீளம், 40 செ.மீ. அகலம், 60 செ.மீ. ஆழமுள்ள ஒரு கான்கிரீட் கட்டை ஏறக்குறைய 230 கிலோ இருக்கும். நான்கு தூணுக்கும் அப்படி இருந்தால் 920 கிலோ. மேலே சொன்ன 650 கிலோ இழுப்புக்கு இது ஈடுகொடுக்கும். ஆனால் பல பெர்கோலாக்களில் தூணின் அடித்தட்டை நடைபாதைக் கற்களின்மேல் வைத்து நான்கு சிறிய போல்ட்டால் பிடித்திருப்பார்கள். நடைபாதைக் கல் மணலில் கிடப்பது. காற்று இழுத்தால் தூணோடு கல்லும் சேர்ந்து வரும். அப்படியிருந்தால் ஒவ்வொரு தூணாக முட்டுக் கொடுத்து நிறுத்தி, கல்லை எடுத்து, குழி வெட்டி, கான்கிரீட் போட்டு, அதில் பதித்த ஆங்கர் போல்ட்டில் தூணை இறுக்க வேண்டும். அலுப்பான வேலைதான், இருந்தாலும் இதைத் தள்ளிப்போட வேண்டாம் என்று மன்றாடிக் கேட்டுக்கொள்கிறேன். கூரை ஏறிய பிறகு இதைச் செய்வது இரு மடங்கு சிரமம். குழி வெட்டுமுன் அந்த இடத்தில் மின்கம்பியோ தண்ணீர்க் குழாயோ போகிறதா என்று உறுதிசெய்துகொள்ளுங்கள்.

மேலே ஏறி இணைப்புகளைப் பாருங்கள். கைமரம் உத்தரத்தின்மேல் எப்படி உட்கார்ந்திருக்கிறது? வெறும் ஆணி அடித்திருந்தால் அது போதாது. ஆணி பக்கவாட்டு விசையை நன்றாகத் தாங்கும், ஆனால் நேராக மேலே இழுத்தால் வழுக்கிக்கொண்டு வந்துவிடும். ஒவ்வொரு கைமரத்தையும் உத்தரத்தோடு சேர்த்துப் பிடிக்கும் வளைந்த உலோகப் பட்டைகள் கிடைக்கின்றன. அவற்றை எல்லாச் சந்திப்பிலும் போடுங்கள். உத்தரமும் தூணும் சேரும் இடத்தில் குறுக்கே ஊடுருவிப் போகும் போல்ட் வேண்டும். தூணுக்கும் உத்தரத்துக்கும் இடையே 45 பாகைச் சாய்வில் முட்டுக்கட்டை இல்லையென்றால் இப்போதே சேர்த்துவிடுங்கள். அசைவு சட்டென்று அடங்குவதை நீங்களே கையால் உணரலாம். தூணிலிருந்து உத்தரம், உத்தரத்திலிருந்து கைமரம், கைமரத்திலிருந்து ஷீட் என்று ஒரு சங்கிலிபோல எல்லாம் பிணைந்திருக்க வேண்டும். இதில் எந்தக் கண்ணி தளர்ந்திருக்கிறதோ அங்கேதான் காற்று பிய்க்கும்.

உத்தரத்தின் பக்கவாட்டில், அடி விளிம்பை ஒட்டி, ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு நூல் கட்டி இழுத்துப் பாருங்கள். 4 மீட்டர் நீளத்தில் நடுப்பகுதி 2 செ.மீ.க்கு மேல் தொங்கியிருந்தால் நடுவில் ஒரு தூண் கொடுப்பது நல்லது. கடைசியாக மூலைக்கு மூலை அளந்து பாருங்கள். 3-க்கு 4 பெர்கோலாவில் இரண்டு மூலைவிட்டமும் சரியாக 5 மீட்டர் வர வேண்டும். ஒன்று 4.95, மற்றது 5.05 என்றால் சட்டம் கோணிக்கொண்டிருக்கிறது. அப்படியே ஷீட்டை வைத்தால் கடைசி ஷீட் ஆப்பு வடிவத்தில் வெட்டுப்படும்.

எந்தக் கூரை?

நிழல் மட்டும் போதும் என்றால் நிழல்வலை கட்டுங்கள், அல்லது கொடி ஏற்றுங்கள். வலைக்கு மழை ஒழுகும், ஆனால் காற்றும் ஓரளவு புகுந்து போகும். புயல் வருகிறது என்றால் கழற்றி மடித்து வைத்துவிடலாம். இங்கே நான் மழைக்கான கூரையைப் பற்றித்தான் பேசப்போகிறேன்.

உலோகத் தகடு நீண்ட நாள் உழைக்கும். அரை மி.மீ. தடிப்புள்ள எஃகுத் தகடு ஒரு சதுர மீட்டருக்கு 4 முதல் 5 கிலோ இருக்கும், இதுவும் பெரிய பாரமில்லை. ஆனால் மழையில் பேச்சே கேட்காத அளவுக்குச் சத்தம் வரும், வெயிலில் தகடு சூடேறி அந்தச் சூட்டைக் கீழே இறக்கும். இன்னொன்றையும் பலர் கவனிப்பதில்லை: பெர்கோலா வீட்டை ஒட்டி இருந்தால், அதன் பின்னால் உள்ள அறைக்கு வரும் வெளிச்சம் பெருமளவு தகட்டால் அடைபட்டுவிடும். நடுவில் வெப்பத்தடுப்பு நுரை வைத்த பேனல்கள் சூட்டையும் சத்தத்தையும் குறைக்கும், வெளிச்சத்தைத் தராது.

கண்ணாடி பார்க்க அருமையாக இருக்கும். 10 மி.மீ. கண்ணாடி ஒரு சதுர மீட்டருக்கு 25 கிலோ. நம் கூரைக்கு 300 கிலோ. தலைக்கு மேல் வைக்கும் கண்ணாடி உடைந்தாலும் சிதறாத அடுக்குக் கண்ணாடியாக இருக்க வேண்டும். புதியவர்கள் கையிலெடுக்க வேண்டிய வேலை அது அல்ல. ஓடும் அப்படித்தான், அதன் பாரத்துக்கு வேறொரு சட்டமே கட்ட வேண்டும்.

பிளாஸ்டிக் வகையில் மலிவானது பி.வி.சி. அலைத்தகடு, வெயிலில் சில ஆண்டுகளில் நிறம் மாறி நொறுங்கத் தொடங்கும். பாலிகார்பனேட் அதைவிடப் பல மடங்கு உறுதியானது, கல் பட்டாலும் எளிதில் உடையாது. இதில் இரண்டு வகை. ஒன்று மேடு பள்ளமாக அலைபோல இருக்கும் ஒற்றைத் தகடு. மற்றது இரண்டு பரப்புக்கு நடுவே சிறுசிறு அறைகள் கொண்ட உள்ளீடற்ற ஷீட், 10 மி.மீ. தடிப்பில் சதுர மீட்டருக்கு 1.7 கிலோதான். அறைகளில் அடைபட்ட காற்று சூட்டைக் கொஞ்சம் தடுக்கும். ஆனால் அதன் முனைகளை அடைப்பது, இணைப்புப் பட்டைகளைப் பொருத்துவது என்று நுணுக்கம் அதிகம். முதல் முறை கூரை போடுபவர்களுக்கு நான் பரிந்துரைப்பது அலைத் தகடுதான். தகடுகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி உட்காருவதால் சிறிய பிழைகளை அது பொறுத்துக்கொள்ளும்.

நிறம் முக்கியம். தெளிவான தகடு வெளிச்சத்தோடு வெயிலின் சூட்டையும் கிட்டத்தட்ட முழுவதுமாக உள்ளே விடும். வெப்பமான இடங்களில் பால் வெள்ளை, சாம்பல் அல்லது பழுப்புச் சாயல் எடுங்கள். எதை எடுத்தாலும் உயரமான பக்கத்தில் சூடான காற்று வெளியேற வழி இருக்கட்டும்.

பெர்கோலாவுக்கு அடியில் அடுப்பு மூட்டிச் சமைப்பவர்கள் கவனிக்க வேண்டியது: பாலிகார்பனேட் 147 பாகை செல்சியஸ் அளவில் இளகத் தொடங்கும். நெருப்புக்கு நேர் மேலே அந்தச் சூடு எளிதில் எட்டிவிடும். அடுப்பைக் கூரைக்கு வெளியே வையுங்கள்.

வாட்டம்: இதில்தான் பாதி வெற்றி

பெர்கோலாவின் மேற்பகுதி பெரும்பாலும் ரசமட்டம் வைத்தாற்போல் சமதளமாக இருக்கும். அதன்மேல் அப்படியே ஷீட்டைப் பரப்பினால் தண்ணீர் நிற்கும். நின்ற தண்ணீர் ஷீட்டைக் குழிய வைக்கும், குழியில் இன்னும் தண்ணீர் சேரும். ஒரு சதுர மீட்டரில் 10 செ.மீ. தண்ணீர் நின்றால் 100 கிலோ. பாசி, தூசி, கொசு எல்லாம் பிறகு வருபவை.

குறைந்தது 5 பாகை வாட்டம், அதாவது தண்ணீர் வடியும் சாய்வு, வேண்டும். ஒரு மீட்டருக்கு 8.7 செ.மீ. இறக்கம் என்று வைத்துக்கொள்ளுங்கள். நம் 3 மீட்டருக்கு 26 செ.மீ. வருகிறது. கண்ணுக்கு இது அதிகமாகத் தோன்றும், “இவ்வளவா?” என்று கேட்டுக் குறைக்க மனம் வரும். குறைக்காதீர்கள். இலை உதிரும் மரத்தடியில் என்றால் இன்னும் கூட்டவும் செய்யலாம்.

எந்தப் பக்கம் இறக்குவது? வீட்டைவிட்டு விலகி, அண்டை வீட்டு நிலத்தில் கொட்டாமல், தண்ணீர் போக வழியுள்ள பக்கமாக. தாழ்ந்த பக்கத்தில் தலை இடிக்காமல் 2.1 மீட்டராவது உயரம் மிஞ்ச வேண்டும்.

வாட்டம் கொடுக்க மூன்று வழிகள் உண்டு. தாழ்வாக வேண்டிய பக்கத்துத் தூண்களை 26 செ.மீ. வெட்டி உத்தரத்தை இறக்குவது ஒன்று; உயரம் தாராளமாக இருந்தால் இதுதான் சுத்தமான வேலை, ஆனால் பந்தலைப் பாதி பிரிக்க வேண்டும். உயர்ந்த பக்கத்து உத்தரத்தின்மேல் இன்னொரு கட்டையை ஏற்றிக் கைமரங்களைத் தூக்குவது இரண்டாவது. மூன்றாவது, கைமரங்களை அப்படியே விட்டுவிட்டு அவற்றின் முதுகில் ஆப்பு வடிவக் கட்டைகளைப் பொருத்துவது. பெர்கோலாவின் தோற்றம் கீழிருந்து பார்க்க மாறாமல் இருக்கும் என்பதால் எனக்குப் பிடித்தது இது.

ஆப்புக்கட்டை வெட்ட ஒரு எளிய வழி சொல்கிறேன். 3 மீட்டர் நீளம், 30 செ.மீ. அகலமுள்ள ஒரு பலகையை எடுங்கள். இடது முனையில் மேல் ஓரத்திலிருந்து 2 செ.மீ. கீழே ஒரு புள்ளி. வலது முனையில் கீழ் ஓரத்திலிருந்து 2 செ.மீ. மேலே ஒரு புள்ளி. இரண்டையும் சுண்ணாம்பு நூலால் இணைத்து, அந்தக் கோட்டிலேயே அறுங்கள். ஒரு முனையில் 2 செ.மீ., மறுமுனையில் 28 செ.மீ. உயரமுள்ள இரண்டு ஆப்புகள் கிடைக்கும். ஏற்றம் சரியாக 26 செ.மீ. முனையை ஊசிபோல் கூராக்காமல் 2 செ.மீ. விட்டதற்குக் காரணம், கூர்முனையில் ஸ்க்ரூ போட்டால் மரம் பிளந்துவிடும். கைமரம் ஒரு மீட்டருக்கு ஒன்று என்று வைத்தால் 4 மீட்டருக்கு 5 ஆப்பு. மூன்று பலகை போதும்.

ஆப்பின் அடிப்பக்கத்தைக் கைமரத்தோடு உலோகப் பட்டைகளாலும் நீண்ட ஸ்க்ரூக்களாலும் பிணையுங்கள். உயரமான முனை 28 செ.மீ. நிமிர்ந்து நிற்பதால் பக்கவாட்டில் சாய விரும்பும். பக்கத்துப் பக்கத்து ஆப்புகளுக்கு இடையே குறுக்குக் கட்டை வைத்து அடைத்துவிட்டால் அசையாது. மழையில் நனையும் மரம் என்பதால் பதப்படுத்திய மரம் வாங்குங்கள், வெட்டிய முனைகளுக்கு மறக்காமல் பாதுகாப்புப் பூச்சு கொடுங்கள். செம்புக் கலவையால் பதப்படுத்திய மரம் சாதாரண ஆணியையும் ஸ்க்ரூவையும் வேகமாக அரிக்கும். துத்தநாகத்தில் முக்கியெடுத்தவையோ துருப்பிடிக்காத எஃகோதான் அதற்குப் பொருந்தும்.

ரீப்பர் அடித்தல்

ஷீட்டைத் தாங்கும் ரீப்பர்கள் (நீளமான மரச்சட்டங்கள்) ஆப்புகளுக்குக் குறுக்கே, வாட்டத்துக்குக் குறுக்காக ஓட வேண்டும். எவ்வளவு இடைவெளி என்பதை நீங்கள் வாங்கும் ஷீட்டின் குறிப்பேட்டில் பாருங்கள். அலைத் தகட்டுக்குப் பெரும்பாலும் 60 முதல் 90 செ.மீ. வரை இருக்கும். 75 செ.மீ. என்றால் 3 மீட்டரில் 5 வரிசை. முனையிலும் மூலையிலும் காற்றின் உறிஞ்சல் அதிகம் என்பதால் இரு ஓரங்களிலும் இடைவெளியைக் கொஞ்சம் குறைத்து ஒரு வரிசை கூட்டினால் இன்னும் நல்லது.

ரீப்பரைப் படுக்க வைக்காமல் நிறுத்தி வையுங்கள். 5-க்கு 10 செ.மீ. கட்டையை நிறுத்தி வைத்தால் அது வளைவதற்குக் காட்டும் எதிர்ப்பு, படுக்க வைத்ததைப்போல் நான்கு மடங்கு. முதல் ரீப்பரையும் கடைசி ரீப்பரையும் முதலில் பொருத்தி, இரண்டுக்கும் இடையே நூல் பிடித்து, நடுவில் வருபவை அந்த நூலைத் தொடுகின்றனவா என்று சரிபாருங்கள். ஒன்று மட்டும் உயர்ந்தோ தாழ்ந்தோ நின்றால் அங்கே ஷீட் அலையும்.

ஷீட் தொடும் மேற்பரப்புக்கு வெள்ளைப் பெயின்ட் அடித்து, முழுவதும் காயவிடுங்கள். கருமையான மரமோ இரும்போ வெயிலில் சூடேறி, பாலிகார்பனேட்டை அந்தக் கோட்டில் மட்டும் கெடுக்கும்.

ஷீட் வெட்டுதலும் துளையிடுதலும்

நீளக் கணக்கு: 5 பாகைச் சாய்வில் 3 மீட்டர் என்பது 3.01 மீட்டர்தான் ஆகிறது. தாழ்ந்த பக்கத்தில், மழைநீரை ஏந்தும் பீலிக்குள் 5 முதல் 7 செ.மீ. நீட்டி நிற்க வேண்டும்; மேலே ஓரிரு செ.மீ. ஆக 3.1 மீட்டர். எண்ணிக்கைக்கு ஷீட்டின் மொத்த அகலத்தைப் பார்க்காமல், ஏற்றிப் போட்டபின் அது மூடும் அகலத்தைப் பாருங்கள். ஓரத்தில் ஒன்றோ இரண்டோ அலை ஒன்றன்மேல் ஒன்று ஏறும்.

வெட்டுவதற்கு நுண்பல் ரம்பம். வெட்டும் கோட்டின் இருபுறமும் பலகை வைத்து ஷீட்டை அழுத்திப் பிடிக்காவிட்டால் அது அதிர்ந்து விரியும். பாதுகாப்புப் படலத்தை முழுவதும் உரித்துவிடாதீர்கள், ஓரங்களில் மட்டும் 5 செ.மீ. மடித்துவிட்டு வேலை செய்யுங்கள். படலத்தில் எந்தப் பக்கம் மேலே என்று அச்சிட்டிருக்கும். வெயிலின் புற ஊதாக் கதிரைத் தடுக்கும் பூச்சு பெரும்பாலான ஷீட்டில் ஒரு பக்கம்தான் உண்டு. தலைகீழாகப் போட்டால் சில ஆண்டுகளிலேயே மஞ்சளாகி வெடிக்கும். படலத்தை உரித்தபின் இரண்டு பக்கமும் ஒன்றுபோலத் தெரியும் என்பதால், உரிப்பதற்கு முன்பே மேல் பக்க ஓரத்தில் பென்சிலால் ஒரு அடையாளம் இட்டுக்கொள்ளுங்கள்.

துளைதான் இந்த வேலையின் நுட்பமான பகுதி. பாலிகார்பனேட் ஒரு பாகை சூட்டுக்கு ஒரு மீட்டரில் 0.065 மி.மீ. நீளும். விடியற்காலைக் குளிருக்கும் நண்பகல் வெயிலுக்கும் ஷீட்டில் 40 பாகை வித்தியாசம் இருந்தால் 3 மீட்டர் ஷீட் கிட்டத்தட்ட 8 மி.மீ. நீளும், மறுபடி சுருங்கும். தினமும் இது நடக்கும். துளை ஸ்க்ரூவின் தண்டுக்குச் சரியாக இருந்தால், நீள இடமில்லாமல் ஷீட் துளையிலிருந்து விரிசல் விடும். இரவில் படபடவென்று சத்தமும் கேட்கும். அதனால் தண்டைவிடக் குறைந்தது 3 மி.மீ. பெரிய துளையாக, அலையின் மேட்டில், ஓரத்திலிருந்து 4 செ.மீ.யாவது தள்ளி இடுங்கள். தூசியை ஊதித் துடைத்துவிடுங்கள்.

மேட்டில் துளையிடச் சொல்வதற்குக் காரணம் எளிது, தண்ணீர் பள்ளத்தில் ஓடுகிறது.

ஏற்றிப் பொருத்துதல்

காற்றில்லாத காலை நேரத்தைத் தேர்ந்தெடுங்கள். 3 மீட்டர் ஷீட் கையில் இருக்கும்போது ஒரு சிறு காற்று வந்தாலும் ஏணியில் நிற்பவர் தடுமாறுவார். ஷீட்டின்மேல் ஒருபோதும் கால் வைக்காதீர்கள். ரீப்பர்களுக்கு இடையே தலை நீட்டி, ஏணியிலிருந்தே வேலை செய்யலாம். மேலே போக வேண்டியிருந்தால் குறைந்தது மூன்று ரீப்பரில் பாயும்படி பலகை போட்டு அதன்மேல் செல்லுங்கள்.

உங்கள் இடத்தில் மழைக்காற்று பெரும்பாலும் எந்தத் திசையிலிருந்து வருகிறது? அதற்கு எதிர்ப்பக்க ஓரத்திலிருந்து முதல் ஷீட்டைத் தொடங்குங்கள். அடுத்தது அதன்மேல் ஏறும், இப்படியே காற்று வரும் பக்கம் நோக்கி வாருங்கள். அப்போது மேலேறிய விளிம்பு காற்றுக்கு முதுகு காட்டி நிற்கும். மழை உள்ளே நுழையாது.

முதல் ஷீட்டை உத்தரத்துக்குச் செங்கோணமாக வைப்பதில் எவ்வளவு நேரம் போனாலும் தகும். பின்னால் வரும் ஒவ்வொன்றும் அதன் கோணத்தைத்தான் பின்பற்றும். மேல் முனையிலும் கீழ் முனையிலும் அலைக்குப் பொருந்தும் நுரைப்பட்டை வையுங்கள். கீழே பூச்சி நுழையாது, மேலே மழைச் சாரல் ஏறாது. காற்று போக வேண்டுமென்றால் மேலே துளையுள்ள பட்டை கிடைக்கும்.

ஸ்க்ரூவுக்கு ரப்பர் வாஷர் வேண்டும், ஈ.பி.டி.எம். ரப்பராக இருக்கட்டும். பி.வி.சி. வாஷரை மென்மையாக்கச் சேர்க்கும் இளக்கிகள் பாலிகார்பனேட்டைத் தாக்கும். ஸ்க்ரூவின் நீளம், அலையின் உயரம் போக மரத்துக்குள் 3 செ.மீ.யாவது இறங்க வேண்டும். ஓர ரீப்பர்களில் ஒரு மேடு விட்டு ஒரு மேட்டில் போடுங்கள், நடு ரீப்பர்களில் இரண்டு மேடு விட்டு ஒன்று. ஷீட்டின் குறிப்பேடு இன்னும் நெருக்கமாகச் சொன்னால் அதையே கேளுங்கள்.

எவ்வளவு இறுக்குவது? வாஷர் ஷீட்டைத் தொட்டு லேசாக அமுங்க வேண்டும், அலையின் மேடு நசுங்கக் கூடாது. இறுக்கியபின் வாஷரை விரலால் திருப்பினால் சற்றே சுழல வேண்டும். நான் பார்த்த ஒழுகல்களில் பெரும்பாலானவை தளர்வால் வந்தவை அல்ல, அளவுமீறி இறுக்கியதால் வந்தவை. ட்ரில்லின் வேகத்தைக் குறைத்து, கடைசிச் சுற்றைக் கையால் முடியுங்கள்.

உள்ளீடற்ற ஷீட்டைத் தேர்ந்தெடுத்தவர்களுக்கு இரண்டு குறிப்பு. அறைகள் வாட்டத்தின் திசையில் ஓட வேண்டும். மேல் முனையை முழுதும் அடைக்கும் அலுமினிய நாடாவாலும், கீழ் முனையைக் காற்று புகும் நுண்துளை நாடாவாலும் மூடி, அதற்குமேல் பட்டை மாட்டுங்கள். உள்ளே வியர்க்கும் நீர் கீழே வடிந்துவிடும், எறும்பும் தூசியும் ஏறாது.

சிலிக்கான் பூச வேண்டிய இடம் வந்தால், நியூட்ரல் வகை என்று எழுதியிருப்பதை மட்டும் வாங்குங்கள். வினிகர் வாடை அடிக்கும் வகை பாலிகார்பனேட்டில் நுண்விரிசல் உண்டாக்கும்.

எல்லா ஷீட்டும் பொருந்தியதும் படலத்தை அன்றே உரித்துவிடுங்கள். வெயில் பட்டுச் சில நாள் போனால் ஒட்டிக்கொண்டு வரவே வராது.

வீட்டுச் சுவரை ஒட்டியிருந்தால்

சுவருக்கும் ஷீட்டுக்கும் இடையேதான் அதிகத் தண்ணீர் புகும். சுவரில் காடி வெட்டி, வளைத்த உலோகத் தகட்டின் மேல் விளிம்பை அதில் செருகி அடைத்து, கீழ் விளிம்பு ஷீட்டின்மேல் 15 செ.மீ. ஏறும்படி விட வேண்டும். சுவரின்மேல் வெறும் சிலிக்கான் பட்டை ஓட்டினால் ஓராண்டில் பிரிந்துவிடும். புதியவர் என்றால் கூரையை வீட்டோடு இணைக்காமல், வீட்டின் இறவாணத்துக்கு (கூரையின் தாழ்ந்த விளிம்புக்கு) அடியில் ஷீட்டின் மேல் முனை புகுந்து நிற்கும்படி தனியாகவே விடுவது சுலபம். வீட்டுக் கூரையின் தண்ணீரை அதன்மேல் கொட்ட விடாதீர்கள். வீட்டுக்குத் தனிப் பீலி இருக்கட்டும்.

பீலியும் தண்ணீரும்

ஒரு சதுர மீட்டரில் 1 மி.மீ. மழை பெய்தால் 1 லிட்டர். மணிக்கு 50 மி.மீ. மழையில் நம் கூரை 600 லிட்டர் இறக்கும். இறவாணத்தில் பீலி இல்லாமல் விட்டால் அந்தத் தண்ணீர் ஒரே கோட்டில் விழுந்து தரையைப் பறிக்கும், நாளடைவில் தூணின் அடிமண்ணையும் அரிக்கும். பீலியைக் குழாய் இருக்கும் பக்கமாக மீட்டருக்கு 5 மி.மீ. வாட்டத்தில் மாட்டுங்கள். பீப்பாயில் பிடிக்க நினைத்தால் நல்லது, ஆனால் 200 லிட்டர் பீப்பாய் அந்த மழையில் 20 நிமிடத்தில் நிறைந்துவிடும். வழிந்த நீர் போக ஒரு குழாயும் சேர்த்தே வையுங்கள்.

முதல் மழையும் அதன் பிறகும்

முதல் மழை வரக் காத்திருக்காமல், தோட்டக் குழாயால் உயரமான பக்கத்திலிருந்து கால் மணி நேரம் தண்ணீர் விட்டுப் பார்க்கலாம். சொட்டும் இடத்தை ரீப்பரில் சாக்கட்டியால் குறியுங்கள். தண்ணீர் சொட்டும் இடமும் நுழையும் இடமும் ஒன்றாக இருப்பது அரிது. நுழைந்த நீர் ரீப்பர் வரை வழிந்துவந்து அங்கே சொட்டும். குறியிலிருந்து வாட்டத்தின் மேல்நோக்கிப் போனால் சாய்ந்து இறங்கிய ஸ்க்ரூவோ, நசுங்கிய வாஷரோ, சரியாக ஏறாத விளிம்போ அகப்படும். ஸ்க்ரூவைக் கழற்றிப் பெரிய வாஷரோடு நேராகப் போட்டாலே பெரும்பாலும் தீர்ந்துவிடும்.

முதல் பலத்த காற்றுக்குப் பிறகு ஒருமுறை ஏணி வைத்து எல்லா ஸ்க்ரூவையும், தூண் அடியில் உள்ள போல்ட்டையும் தொட்டுப் பாருங்கள். புதிய மரம் காயும்போது சுருங்குவதால் போல்ட் தளர்வது இயல்பு. பிறகு ஆண்டுக்கு ஒருமுறை போதும். ஷீட்டைக் கழுவ வெதுவெதுப்பான நீரும் மென்மையான சோப்பும் மெல்லிய துணியும் எடுங்கள். தேய்ப்பானும் அம்மோனியா கலந்த கண்ணாடித் துடைப்பு நீரும் மேற்பூச்சைக் கெடுக்கும். இலை உதிரும் காலத்தில் பீலியை மட்டும் அடிக்கடி வழித்துவிடுங்கள். அது அடைத்தால் தண்ணீர் பின்வாங்கி, நுரைப்பட்டையைத் தாண்டிக் கீழே இறங்கும். அதைக் கூரை ஒழுகுவதாக எண்ணிப் பலர் நல்ல ஷீட்டைப் பிரித்துவிடுகிறார்கள்.